வண்ணத்துப்பூச்சிகளும் நான்காம் இயலும்

பன்னிரண்டாம் வகுப்புத் தமிழ்த் தேர்வில் ஒரு கேள்வி எப்படியும் வந்துவிடும். கதையிலோ பாடலிலோ வரும் இயற்கை எதை உணர்த்துகிறது? என் மாணவிகளுக்கு அதற்கான பதில் தண்ணீர் பட்ட பாடு. கருமேகம் என்றால் துயரம், கடல் என்றால் ஏக்கம், பட்ட மரம் என்றால் தனிமை. திண்டுக்கல்லில் பெண்கள் மேல்நிலைப் பள்ளி ஒன்றில் இருபது வருடமாக இதைத்தான் சொல்லிக்கொடுத்து வருகிறேன். 'தலைவியின் மனநிலையைக் காட்டுகிறது' என்ற வரி கண்ணில் பட்டால் போதும், மீதியைப் படிக்காமலே முழு மதிப்பெண் போட்டுவிடுவேன்.

நாற்பது வயதைத் தாண்டிய பிறகு பகுதிநேர முனைவர் பட்டத்துக்குப் பதிவு செய்தேன். நவீனத்துவப் பெண் எழுத்தாளர்களின் புனைகதைகளில் இயற்கை என்பது தலைப்பு. ஆய்வுமுறை என்று பெரிதாக ஒன்றுமில்லை, வகுப்பில் செய்ததையே செய்தேன். கதையில் மரம், செடி, பறவை, மழை எது வந்தாலும் பச்சைப் பேனாவால் அடிக்கோடிடுவேன். பக்கத்து ஓரத்தில் அது எதற்கு நிற்கிறது என்று பென்சிலால் எழுதுவேன். வேம்பு, தாய்வீடு. கிணறு, சொல்லாத ஆசை. பல்லி, மாமியார். இந்தக் கடைசியை மட்டும் என் நெறியாளர் அடித்துவிட்டார்.

நான்காம் இயல் ஒரே ஒரு சிறுகதைத் தொகுப்பை எழுதிவிட்டு மறைந்துபோன ஓர் அம்மாளைப் பற்றியது. எங்கள் பக்கத்து மலையடிவாரத்தில் வாழ்க்கைப்பட்டு வந்தவர் என்பதற்கு மேல் அவரைப் பற்றி எனக்குத் தெரியாது. அந்தத் தொகுப்பில் நாலே பக்கத்தில் ஒரு கதை உண்டு. மழைக்காலம் தொடங்கும் முன் ஒருநாள் காலையில் ஒரு பெண் தோட்டத்துக்குப் போகிறாள். நீலப்புள்ளி போட்ட கருத்த வண்ணத்துப்பூச்சிகள் கூட்டம் கூட்டமாக மலையை நோக்கிப் போகின்றன. அவள் கையை நீட்டுகிறாள், ஒன்றுகூட உட்காரவில்லை. மேகம் சூரியனை மறைத்ததும் எல்லாம் ஒரு புங்க மரத்தில் இறங்கி மரத்தையே மூடிவிடுகின்றன. வெயில் திரும்பியதும் எழுந்து போய்விடுகின்றன. அவள் வீட்டுக்கு வந்து உலை வைக்கிறாள். கதை அவ்வளவுதான்.

புத்தகம் வந்த காலத்து மதிப்புரை ஒன்று, அந்த அம்மாளுக்கு மனம் சரியில்லை என்பதை நாசூக்காகச் சொல்லியிருந்தது. பின்னால் வந்தவர்களும் அதையே பிடித்துக்கொண்டார்கள். நான் அவருக்குப் பரிந்து பேசுவதாக நினைத்துக்கொண்டு, இது பித்து இல்லை, குறியீடு என்று எழுதினேன். கையில் உட்காராத பூச்சிகள், சமூகத்தின் நிராகரிப்பு. மேகம், திருமணம். மூடப்பட்ட மரம், ஒடுக்கப்பட்ட மனம். 'இப்படியொரு காட்சி இயற்கையில் நிகழ வாய்ப்பில்லை. எனவே இது முழுக்க முழுக்க அகக்காட்சியே' என்று முத்தாய்ப்பாக ஒரு வாக்கியம். நெறியாளர் அந்த வாக்கியத்துக்குப் பக்கத்தில் இரண்டு டிக் போட்டார். "இதுதாம்மா உங்க ஆய்வோட உயிரு" என்றார். எனக்குத் தலைகால் புரியவில்லை.

என் கணவரின் தங்கை கன்னிவாடியில் இருக்கிறாள். அவள் கணவர் இறந்து மூன்று வருடமாகிறது. மக்காச்சோளமும் முருங்கையும் போட்டு, காட்டைத் தனியாளாகப் பார்த்துக்கொள்கிறாள். வாரத்துக்கு ஒருமுறை எனக்குப் போன் செய்வாள். "மதினி, இன்னைக்குக் கெணத்து மேட்டுல ஒரு மயிலு நாலு குஞ்சோட போச்சு" என்பாள். "தனியா இருக்கம்னு நெனைக்காதம்மா, நாங்க இருக்கம்ல" என்பேன் நான். மலையில் மேகம் இறங்கி நிற்கிறது என்பாள். மனசைப் போட்டு அலட்டிக்கொள்ளாதே என்பேன். பிறகு "சரிங்க மதினி" என்று வைத்துவிடுவாள்.

போன வருடம் புரட்டாசி கடைசியில், "பூச்சியா போகுது மதினி. ஆறு மாதிரி போகுது. இம்புட்டு நா பாத்ததே இல்ல. வந்து பாருங்க" என்றாள். நான் போனை வைத்துவிட்டுக் கணவரிடம், பாவம் உங்கள் தங்கைக்குப் பிரமை தட்டுகிறது என்றேன். அடுத்த ஞாயிற்றுக்கிழமை மாதா கோயில் பூசை முடிந்ததும் இரண்டு பேருமாகப் போய் அவளை ஒரு டாக்டரிடம் அழைத்துப்போனோம். தூக்கத்துக்கும் சத்துக்கும் மாத்திரை எழுதிக் கொடுத்தார். அதற்குப் பிறகு அவள் போனில் மோட்டார் ரிப்பேரைப் பற்றியும் உரம் கிடைக்காததைப் பற்றியும் மட்டும் பேசினாள். தேறிவிட்டாள் என்று நான் சந்தோஷப்பட்டேன்.

ஆறு மாதம் கழித்துத்தான் நான்காம் இயலுக்கான அந்தக் கதையைப் படித்தேன். நாத்தனார் சொன்னது அப்போதாவது நினைவுக்கு வந்திருக்க வேண்டும். வரவில்லை. அது இலக்கியம், இவள் நாத்தனார். இரண்டையும் ஒரே தட்டில் வைக்க எனக்குத் தோன்றவே இல்லை.

இந்த வருடம் காலாண்டு விடுமுறையில் கடைசிப் பிழைதிருத்தத்துக்காக அச்சுப்பிரதியைத் தூக்கிக்கொண்டு கன்னிவாடிக்கு டவுன் பஸ் ஏறினேன். மாதக் கடைசிக்குள் ஆய்வேட்டைச் சமர்ப்பித்தாக வேண்டும். திண்டுக்கல் வீட்டில் அழைப்பு மணியும் குக்கர் விசிலும் விடாது. காட்டில் மோட்டார் ரூம் நிழலில் பிளாஸ்டிக் நாற்காலியைப் போட்டுக்கொண்டால் ஒருவரும் வரமாட்டார்கள்.

இரண்டாம் நாள் காலை, ஒன்பதரை மணி இருக்கும். நான்காம் இயலின் பக்கங்களை மடியில் வைத்திருந்தேன். தாளின் மேல் ஒரு நிழல் ஓடியது. இன்னொன்று ஓடியது. உதிர்ந்த இலை என்று நினைத்துத் தட்டிவிட்டேன். நிழல்கள் நிற்காமல் ஓடவே, நிமிர்ந்து பார்த்தேன்.

கிழக்கிலிருந்து வந்துகொண்டிருந்தன. தென்னை உயரத்தில், மக்காச்சோளக் கதிர் உயரத்தில், என் முழங்கால் உயரத்தில். நாலு தடவை இறக்கையடித்துவிட்டு அப்படியே மிதந்து வரும், மறுபடி நாலு தடவை அடிக்கும். ஒன்றுக்கும் அவசரமில்லை, ஒன்றும் நிற்கவுமில்லை. கருத்த இறக்கை வெயிலுக்கு நேராக வரும்போது அதிலிருந்த புள்ளிகள் மட்டும் வெளிர்நீலமாக எரிந்து அணைந்தன. இவ்வளவு உயிர்கள் ஒரே நேரத்தில் போகின்றன, ஒரு சத்தமில்லை. பக்கத்து வாய்க்காலில் தண்ணீர் விழுவதைத் தெளிவாகக் கேட்க முடிந்தது.

மோட்டார் ரூம் சுவர் குறுக்கே நின்றது. சுற்றிப் போகும் என்று எதிர்பார்த்தேன். ஒன்றுகூடச் சுற்றவில்லை. சுவரோடு மேலே ஏறி, தகரக் கூரையைத் தாண்டி, அந்தப் பக்கம் இறங்கி, விட்ட இடத்திலிருந்து அதே கோட்டில் மலையைப் பார்த்துப் போயின. தென்னைக்கும் கரண்டு கம்பத்துக்கும் நடுவில் எத்தனை போகின்றன என்று எண்ணப் பார்த்தேன். நூறைத் தாண்டியதும் கண் சோர்ந்து விட்டுவிட்டேன். எனக்குப் பயமாகக்கூட இருந்தது. இத்தனை பெரிய காரியம் நடந்துகொண்டிருக்கிறது, அதற்கும் எனக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. நான் அழுதாலும் சிரித்தாலும் அது பாட்டுக்குப் போகும். அந்த நினைப்பு வந்தபோது எனக்குக் கிடைத்த நிம்மதியை எந்தச் செபத்திலும் நான் பெற்றதில்லை, பொய் சொல்லவில்லை.

என்னையறியாமல் கையை நீட்டினேன். முகத்துக்கு நேரே வந்தவை ஒரு சாண் தூரத்தில் விலகி இரண்டு பக்கமும் போயின. ஒன்றும் உட்காரவில்லை.

அப்போதுதான் உறைத்தது. உச்சி முதல் உள்ளங்கால் வரை எனக்குப் புல்லரித்துவிட்டது. நீட்டிய கையை மடக்கக்கூடத் தோன்றாமல் அப்படியே நின்றேன்.

பதினொன்றரை மணி வாக்கில் மலையிலிருந்து மேகம் இறங்கி வெயிலை மறைத்தது. வரப்போரத்தில் ஒரு புங்க மரம் உண்டு. வந்தவை எல்லாம் அதில் இறங்கின. இலைக்கு இலை, காம்புக்குக் காம்பு தொங்கி இறக்கையை மூடிக்கொண்டதும் பச்சை மரம் பழுப்பாகிவிட்டது. புதிதாக ஒருவர் வந்தால் மரம் காய்ந்துவிட்டது என்றுதான் சொல்வார். மூச்சை இழுத்துவிடவும் பயந்துகொண்டு நின்றேன். கால்மணி நேரத்தில் மேகம் விலகியது. மரத்தின் கிழக்குப் பக்கம் முதலில் திறந்தது, பிறகு உச்சி, பிறகு உள்கிளைகள். மொத்த மரமும் எழுந்து மலைக்குப் போனது. புங்க மரம் மறுபடி பச்சையாக நின்றது.

நாத்தனார் எப்போது வந்தாள் என்று தெரியாது. புல்லுக்கட்டை இறக்கி வைத்துவிட்டுப் பக்கத்தில் நின்றிருந்தாள்.

"வருசா வருசம் வருமாம்மா?" என்று கேட்டேன்.

"வரும் மதினி. மழைக்கு முன்னால மலைக்குப் போகும். கோடையில மலையில இருந்து எறங்கிக் கெழக்க போகும். சில வருசம் கொஞ்சமா வரும்."

"எங்கிட்டச் சொல்லியிருக்கலாம்ல?"

அவள் என் முகத்தைப் பார்த்தாள். கோபமில்லை. "சொன்னேன்ல மதினி. டாக்டர்கிட்டக் கூட்டிட்டுப் போனீங்க."

வெட்கத்தில் கண் கலங்கிவிட்டது. மன்னித்துக்கொள் என்று ஏதோ உளறினேன். "அட, விடுங்க மதினி. மாத்திரை நல்லாத்தான் இருந்துச்சு, கை கால் வலி போச்சு" என்று சொல்லிவிட்டுப் புல்லுக்கட்டைத் தூக்கிக்கொண்டு மாட்டைப் பார்க்கப் போனாள்.

நான் பையிலிருந்து அந்தத் தொகுப்பை எடுத்தேன். பச்சைக் கோடு போட்ட நாலு பக்கத்தையும் முதல்முறையாகப் படிப்பது மாதிரி படித்தேன். பூச்சிகள் வீட்டைச் சுற்றிப் போகாமல் ஓட்டின் மேல் ஏறி இறங்கின என்று எழுதியிருந்தார். அதற்கு நேரே 'குடும்ப அமைப்பை மீறும் வேட்கை' என்று என் பென்சில் எழுத்து. மரத்தின் கிழக்குப் பாதி முதலில் கலைந்தது என்று எழுதியிருந்தார். 'விடியலின் நம்பிக்கை' என்று நான். நாலு இறக்கையடிப்புக்குப் பிறகு ஒரு மிதப்பு என்பதைக்கூட அவர் விடவில்லை. உலை வைக்கப் போக வேண்டிய ஒரு பெண், இரண்டு மணி நேரம் வெயிலில் நின்று, எண்ணி, திசை பார்த்து, ஒன்றையும் கூட்டாமல் குறைக்காமல் எழுதி வைத்திருக்கிறார். அந்தக் கண்ணை நினைத்து எனக்கு மலைப்பாக இருந்தது. பூச்சிகளைப் பார்த்து வாய்பிளந்ததைவிட இதற்கு அதிகம் பிளந்தேன். ஆண் எழுத்தாளர் மழை என்று எழுதினால் மழை பெய்தது என்கிறோம். பெண் எழுதினால் அவள் அழுதாள் என்கிறோம். மற்ற இயல்களில் நான் எடுத்துக்கொண்ட எழுத்தாளர்களின் வேம்பும் கிணறும் ஒவ்வொன்றாக நினைவுக்கு வந்தன. அவர்களும் எதையெதையெல்லாம் பார்த்தார்களோ.

அன்றே நெறியாளருக்குப் போன் செய்தேன். பொறுமையாகத்தான் கேட்டார். "நல்ல தகவல்மா. ஒரு அடிக்குறிப்பு போட்டுருங்க" என்றார்.

"அந்த வாக்கியமே பொய் சார்."

"அதை எடுத்தா இயலே சரிஞ்சிரும். மாசக் கடைசிக்குள்ள மறுபடி எழுத முடியாது. நீட்டிப்புக் கேட்டுப் பாருங்க. ஏற்கெனவே ரெண்டு தடவை வாங்கியாச்சு. இந்தத் தடவை தரலைன்னா பதிவு ரத்து, ஆறு வருச உழைப்பு போயிரும். யோசிச்சுச் செய்யுங்க."

இரண்டு நாள் யோசித்தேன். அடிக்குறிப்பைக்கூட ஒருமுறை எழுதிப் பார்த்தேன், நன்றாகத்தான் வந்தது. மூன்றாம் நாள் அதைக் கிழித்துப் போட்டுவிட்டுப் பல்கலைக்கழக அலுவலகத்துக்குப் போனேன். நீட்டிப்பு விண்ணப்பத்தில் காரணம் என்ற இடத்தில் மூன்று வரிக்கு இடம் விட்டிருந்தார்கள். நான் பேனாவோடு தயங்குவதைப் பார்த்த எழுத்தர் நல்ல மனிதர். எட்டிப் பார்த்துச் சொன்னார்.

"உடல்நிலைன்னு போடுங்க மேடம். மன அழுத்தம்னு ஒரு டாக்டர் சர்டிபிகேட் வச்சிட்டீங்கன்னா கமிட்டியில கேள்வியே கேக்க மாட்டாங்க. லேடீஸ் நெறைய பேரு அப்படித்தான் வாங்குறாங்க."

சர்டிபிகேட் தரும் டாக்டரும் எனக்குத் தெரிந்தவர்தான். அரைநாள் வேலை. ஆறு வருடம் தப்பித்துவிடும். அந்தத் தொகுப்பை எழுதிய அம்மாளைப் பற்றிய பழைய மதிப்புரையும் இப்படி ஒரு நல்ல மனிதர் எழுதியதாகத்தான் இருக்கும் என்று தோன்றியது. 'ஆசிரியர் கண்ணால் கண்டு எழுதிய காட்சியைக் கற்பனை என்று நான்காம் இயலில் எழுதிவிட்டேன். அதே காட்சியை நேரில் பார்த்தேன். திருத்தி எழுத வேண்டும்' என்று மூன்று வரியையும் நிரப்பி நீட்டினேன்.

அவர் இரண்டு முறை படித்தார். "என்ன காட்சி மேடம்?" என்றார். நான் சொன்னேன். கன்னிவாடியில் ஒரு மக்காச்சோளக் காட்டில், ஒன்பதரை மணியிலிருந்து இரண்டு மணி நேரத்துக்கு மேல், வண்ணத்துப்பூச்சிகள் சுவரேறி மலைக்குப் போயின, ஒரு மரம் முழுக்க இறங்கி எழுந்தன என்று ஒன்றுவிடாமல் சொன்னேன். சொல்லும்போதே மறுபடி எனக்கு உடம்பு சிலிர்த்தது, குரலும் கொஞ்சம் நடுங்கியது. அவர் பேனாவை மூடி மேசையில் வைத்தார். என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, மிகவும் கனிவாகக் கேட்டார்.

"மேடம், கூட வீட்ல இருந்து யாராச்சும் வந்திருக்காங்களா?"

"தனியாத்தான் வந்தேன்" என்றேன். "சீல் போடுங்க."