முன்சீட்டுக்காகத் தாவினேன்

சென்ற மாதம் குடும்பத்தோடு கொச்சிக்குப் போய், பழைய கோட்டையும் அரண்மனையும் உள்ள தீவுகளைப் படகில் சுற்றினோம். என் மூத்த ஓரகத்தி முதலில் ஏறி முன்சீட்டைப் பிடித்துக்கொண்டாள். வழிகாட்டி அவளைப் பார்த்தே எல்லாம் விளக்கினார். பின்னால் இருந்த எனக்கு எஞ்சின் சத்தம்தான் கேட்டது. வயிறு எரிந்தது.

அடுத்த தீவைப் பார்த்துவிட்டு நாங்கள் திரும்பியபோது, படகு அப்போதுதான் கரையை ஒட்டியது. கோவில்பட்டியில் பஸ் நிற்குமுன் தாவி இடம் பிடிப்பதுபோல் தாவினேன். கயிறு கட்டவில்லை. ஒரு கால் படகிலும் ஒரு கால் கரையிலும் இருக்க, படகு விலகியது. கண்மாய் வற்றிய ஊர்க்காரிக்கு நீச்சல் ஏது?

சேலையைப் பிடித்து என்னைக் கரைக்கு இழுத்தவள் அந்த ஓரகத்தியேதான். “ஏட்டி, வெளாத்திகுளம் பஸ்ஸுன்னு நெனச்சியா?” என்று எல்லார் முன்னாலும் சிரித்தாள்.

இப்போது பஸ்கூட நின்ற பிறகுதான் ஏறுகிறேன். அதற்குள் முன்சீட்டில் அவள் உட்கார்ந்திருக்கிறாள்.