விதைநெல் வயலில் நான் சொன்ன உவமை

நான்கு ஆண்டுகளுக்கு முன், பொங்கலுக்கு ஒரு வாரம் இருக்கையில், பாபநாசத்துக்குக் கிழக்கே உள்ள எங்கள் ஊர் வயலில் இது நடந்தது. நான் ஓய்வுபெற்ற தமிழாசிரியன். எங்கள் சபையில் போதகர் வராத ஞாயிறுகளில் பிரசங்கம் செய்கிறவன். பழைய பக்திப் பாடல்களில் சில நூறு எனக்கு மனப்பாடம். எந்தத் துக்க வீட்டிலும் எந்த மணவீட்டிலும் பொருத்தமாக ஒன்றை எடுத்துச் சொல்லிவிடுவேன். எதற்கும் என்னிடம் விடை உண்டு என்ற எண்ணத்தை அந்தப் பழக்கமே எனக்குள் வளர்த்திருக்க வேண்டும்.

ஆறு மா நிலத்தில், ஏறத்தாழ இரண்டு ஏக்கரில், விதைநெல் பயிரிடுகிறேன். விதைநெல் வயலில் வேற்று ரகத்துப் பயிர் ஒன்றுகூட நிற்கக் கூடாது. உயரமாக வளர்ந்தது, முந்திப் பூத்தது, கதிரில் மீசை உள்ளது என்று கண்ணில் பட்டதையெல்லாம் வேரோடு பிடுங்கி வயலுக்கு வெளியே போட்டுவிட வேண்டும். அவற்றைக் கலவன் என்போம். மறுநாள் விதைச்சான்று அதிகாரி பார்வையிட வருவதாக இருந்தது. ஆகவே அன்று காலை, வயல் வேலைக்கு வழக்கமாக வரும் ஓர் அம்மாளோடு நானும் இறங்கிக் கலவன் எடுத்துக்கொண்டிருந்தேன்.

பத்து மணியளவில் எங்கள் சபையைச் சேர்ந்த இளம்பெண் ஒருத்தி, தன் கணவரோடும் அண்ணனோடும் என்னைத் தேடி வயலுக்கே வந்துவிட்டாள். அண்ணனுக்கு முப்பத்தைந்து வயதிருக்கும். சபையில் ஆர்மோனியம் வாசிப்பவர். பிறவியிலேயே அவருக்கு இரத்தம் உறையாத நோய். சிறிது அலைந்தாலும் மூட்டுக்குள் இரத்தம் கசிந்து வீங்கிவிடும். கிறிஸ்துமஸ் பஜனைக்குத் தெருத்தெருவாக நடந்ததில் வலது முழங்கால் வீங்கி, மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் ஊசி போட்டுக்கொண்டு திரும்பியிருந்தார். வரப்பில் நடக்க முடியாமல் வாய்க்கால் மதகின்மேல் உட்கார்ந்துகொண்டார்.

அந்த நோய் பெண்கள் வழியாக இறங்கி ஆண்பிள்ளைகளைப் பிடிப்பது. தங்கையிடமும் அதன் கூறு இருப்பது பரிசோதனையில் தெரிந்திருந்தது. மணமாகி மூன்றாண்டுகளாக அவள் குழந்தைப்பேற்றைத் தள்ளிப்போட்டதற்கு அதுவே காரணம். இப்போது சென்னையில் ஒரு மருத்துவர், கருக்களை உடலுக்கு வெளியே உருவாக்கிச் சோதித்து, நோயில்லாத ஒன்றைத் தேர்ந்து கருப்பையில் வைக்கலாம் என்று சொல்லியிருந்தார். திங்கட்கிழமை அவர்கள் போக வேண்டும். அது கடவுளுக்கு விரோதமா என்று கேட்கத்தான் வந்திருந்தாள். விரோதமில்லை என்றால் தலையில் கைவைத்து ஜெபித்து அனுப்ப வேண்டும். நான் வேண்டாமென்றால் அவள் போகமாட்டாள் என்பது பேச்சிலேயே தெரிந்தது.

உயிரைத் தருகிறவரின் இடத்தில் மனிதன் ஏறி உட்காரலாகாது என்று பிரசங்கித்தவன் நான். இருந்தும் அவள் முகத்தைப் பார்த்தபின் கடுமையாகப் பேச மனம் வரவில்லை. அப்போதுதான் பிடுங்கிய பயிர் ஒன்று கையில் இருந்தது. அதைத் தூக்கிக் காட்டினேன்.

"இதப் பாரும்மா. இதை எடுத்தாத்தான் விதை சுத்தமா இருக்கும். நல்ல பயிரக் காப்பாத்தக் கலவன எடுக்கறது பாவமா? பயப்படாமப் போயிட்டு வா."

அவள் முகம் தெளியவில்லை. அவள் பார்வை என்னைத் தாண்டி மதகின் பக்கம் போயிற்று.

"ஐயா, அப்ப நான் கலவனுங்களா?" என்றார் அண்ணன்.

குரலில் கோபம் இல்லை. ஆர்மோனியத்தில் எந்தக் கட்டை என்று கேட்பதுபோலக் கேட்டார். நான் பதறிப்போய், களையையும் பயிரையும் அறுப்புவரை சேர்ந்தே வளர விடச் சொன்ன இயேசுவின் உவமையைத் தொடங்கினேன். அதில் களை என்பது தீயவர்கள், அறுப்பில் அது தீக்குத்தான் போகும் என்பது பாதியில்தான் உறைத்தது. நிறுத்திவிட்டேன்.

"முடிச்சிருங்கய்யா. அதுலயும் எனக்கு நல்ல இடம் இல்லன்னு தெரியும்" என்று சிரித்தார்.

என்னோடு கலவன் எடுத்துக்கொண்டிருந்த அம்மாள் குனிந்தபடியே சொன்னார்: "கலவனும் நெல்லுதான் தம்பி. பொங்குனா சோறுதான். ஆபீசர் வர்ற வயல்ல மொளச்சதுதான் அது செஞ்ச குத்தம்."

அதற்கு யாரும் சிரிக்கவில்லை. அண்ணன் தங்கையைப் பார்த்துத்தான் மேலே பேசினார்.

"நான் போக வேணாம்னு சொல்லலம்மா. இந்த வலி எனக்குத் தெரியும். இன்னொரு புள்ளைக்கு அது வேணாம். ஐயாகிட்டச் சொல்றது ஒண்ணுதான். வலிய எடுக்கறதப் பத்திப் பேசுங்க. என்னையும் சேத்து எடுத்துப் போட்டுராதீங்க."

பக்திப் பாடல்களில் அடியார் தம்மைக் கடையேன் என்பார், நாயினும் கீழானவன் என்பார். ஐம்பது ஆண்டுகளாக அவற்றை உருகிப் பாடியிருக்கிறேன். தன்னைத் தானே தாழ்த்திப் பாடுவதில் ஓர் இனிமை உண்டு. பிறர் நம்மைக் கடையென்று அடையாளம் காட்டுவது எப்படி இருக்கும் என்பதை நான் அறிந்ததேயில்லை. அன்று அதை நான் ஒருவருக்குச் செய்தேன், அதுவும் ஆறுதல் சொல்வதாக நினைத்துக்கொண்டு.

சேற்றுக்காலோடு மதகருகே போய் அவரிடம் மன்னிப்புக் கேட்டேன். "விடுங்கய்யா, வாத்தியாருக்கு உதாரணம் இல்லாமப் பேச வராது" என்றார்.

தங்கை மட்டும் விடவில்லை. போகலாமா, கூடாதா என்று மறுபடியும் கேட்டாள். தேர்ந்தெடுக்காமல் விடப்படும் கருக்கள் என்ன ஆகும் என்று அவளைக் கேட்டேன். அழித்துவிடுவார்களாம் என்றாள். உயிரா, இன்னும் உயிராகாததா? ஒரு நோயைத் தடுப்பது வேறு, ஒரு மனிதனை வேண்டாமென்பது வேறு. அந்த இரண்டுக்கும் நடுவே கோடு எங்கே ஓடுகிறது?

"எனக்குத் தெரியலம்மா" என்றேன். சபையில் யாரிடமும் நான் அதற்குமுன் சொல்லியிராத பதில் அது.

கையைக் கழுவிக்கொண்டு கணவன் மனைவி இருவர் தலையிலும் வைத்தேன். எந்தப் பாட்டும் நினைவுக்கு வரவில்லை. எந்த வழியில் போனாலும் இவர்களைக் கைவிடாதேயும் என்று மட்டும் வேண்டிக்கொண்டேன். ஆமென் சொல்லும் குரல்களில் அண்ணனுடையதே உரக்கக் கேட்டது.

அவர்கள் சென்னைக்குப் போனார்கள். அடுத்த ஆண்டு ஆண்குழந்தை பிறந்தது, நோய் இல்லை. ஞானஸ்நானத்தன்று ஞானத்தகப்பனாக நின்று குழந்தையை ஏந்தியவர் அந்த அண்ணன்தான். ஆராதனை முடிந்தபின் தங்கை என்னைத் தனியே அழைத்து, அங்கே இன்னும் மூன்று கருக்கள் உறைநிலையில் இருப்பதாகவும், அவற்றில் ஒன்றுக்கு நோய் உண்டென்றும் சொன்னாள்.

"அத எடுத்துரலாமான்னு ஆஸ்பத்திரில கேட்டாங்கய்யா. கையெழுத்துப் போட முடியல. உங்க ஜெபத்துல அந்த மூணு பேரையும் சேத்துக்குங்க."

அவளை நான் சரியாக வழிநடத்தினேனா என்பது எனக்கு இன்றும் தெரியாது. அந்த மூன்றுக்காகவும் நாள்தோறும் ஜெபிக்கிறேன், நோயுள்ளது எது, இல்லாதது எது என்று பிரித்துச் சொல்ல மட்டும், வயலில் அண்ணன் கேட்ட அந்தக் கேள்விக்குப் பிறகு, எனக்கு நா எழுவதில்லை.