ஒரு பிடி கூடுதலாகப் போட்ட நாள்

இப்போது என் வேலை அடுத்தவர்களுடைய ஆராய்ச்சியில் முதலீடு செய்வது. உயிரித் தொழில்நுட்பத்தில் கம்பெனி தொடங்க நினைக்கிறவர்கள் பெங்களூரில் என் அறைக்கு வந்து, கம்ப்யூட்டரைத் திறந்து வைத்துக்கொண்டு கதை சொல்வார்கள். போகும்போது அவர்களில் யாராவது ஒருவர் கேட்டுவிடுவார், "உங்க என்சைம் கம்பெனியில மொத மொத முதலீடு செஞ்சது யாரு மேடம்?" வங்கிக் கடன், வீட்டுக்காரருடைய சேமிப்பு என்று எதையாவது சொல்லி அனுப்பிவிடுவேன். அது பாதி உண்மைதான். எல்லோருக்கும் முன்னால் தன் கையில் இருந்ததைத் தூக்கிப் போட்டவர் வாணியம்பாடியில் தோல் பதனிடும் டேனரி ஒன்றின் மேஸ்திரி. அவர் போட்டது பணம் இல்லை. பதினெட்டு வருஷமாகச் சேர்த்த நல்ல பெயர்.

தொண்ணூறுகளின் நடுவில் நான் வேலூரில் ஒரு கல்லூரியில் நுண்ணுயிரியல் நடத்திக்கொண்டிருந்தேன். எனக்குப் பொறுமை கம்மி. ஒரே பாடத்தை வருஷா வருஷம் அதே கரும்பலகையில் எழுதுவது ஒத்துவரவில்லை. அந்தச் சமயத்தில் பாலாறு கெட்டுப்போனதைப் பற்றி ஊரெல்லாம் பேச்சு. ஆட்டுத்தோலிலிருந்து முடியை எடுப்பதற்கு டேனரிகளில் சுண்ணாம்பும் சல்பைடும் போடுவார்கள். கழிவில் பெரிய தலைவலி அதுதான். அதே வேலையை ஒரு பாக்டீரியா சுரக்கிற என்சைம் செய்துவிடும் என்று எனக்குத் தெரியும். தெரிந்துகொண்டு சும்மா இருக்க முடியவில்லை, வேலையை விட்டுவிட்டேன். அம்மா ஒரு வாரம் முகம் கொடுத்துப் பேசவில்லை. மருத்துவமனை லேபில் வேலை பார்த்த என் வீட்டுக்காரர் மட்டும், "சரி, செய்" என்றார். அந்தச் 'சரி'க்கு அவருக்கு நான் இன்னும் நன்றி சொல்லி முடிக்கவில்லை.

ஆம்பூரில் ஒரு ஷெட்டை வாடகைக்குப் பிடித்தேன். கோதுமைத் தவிட்டை வேகவைத்துத் தட்டுகளில் பரப்பி, அதில் பாக்டீரியாவை வளர்த்து, காயவைத்துப் பொடியாக்குவதுதான் முறை. மூன்றாம் நாளே அக்கம்பக்கத்தார் மூக்கைப் பிடித்துக்கொண்டு வந்துவிட்டார்கள். "டேனரி நாத்தம் பழகிப்போச்சும்மா. இது இன்னா, புதுசா இருக்குது?" என்றார் ஒரு அம்மா. எனக்குக் கோபம் வந்தது, சிரிப்பும் வந்தது. ஜன்னல்களை அடைத்துவிட்டு உள்ளே வெந்துகொண்டு வேலை பார்த்தேன்.

பொடி தயாரானதும் டேனரி டேனரியாக ஏறி இறங்கினேன். எல்லா இடத்திலும் மரியாதையாக டீ கொடுத்து, "அப்புறம் பாக்கலாம்" என்று அனுப்பினார்கள். கடைசியில் வாணியம்பாடியில் டேனரி வைத்திருந்த ஒரு பாய் மட்டும், "ஒரு கட்டு தோல் தர்றேன் டீச்சர். ஒரே ஒரு தடவதான்" என்றார். அவருடைய மேஸ்திரியைக் கூப்பிட்டு என்னோடு விட்டார். மேஸ்திரிக்கு என் வயதுதான் இருக்கும். அளந்து பேசுகிறவர்.

அது மே மாதம். காலை எட்டு மணிக்குப் பொடியை எடைபோட்டுத் தண்ணீரில் குழைத்தோம். அவர் வாளி எடுக்கத் திரும்பிய நேரத்தில் நான் இன்னொரு பிடி அள்ளிப் போட்டேன். முதல் தடவை, குறைந்துவிடக் கூடாது என்ற பயம். விருந்தாளி இலையில் போதும் போதும் என்றாலும் சோற்றை வைக்கிற அதே புத்தி. அவர் பார்த்துவிட்டார். வாளியைக் கொண்டுவந்து வைத்தார். குழைத்ததைத் தோல்களின் உள்பக்கம் பூசி, மடித்து அடுக்கினோம். மாலை நான்கு மணிக்குத்தான் கழுவ வேண்டும் என்று என் தாளில் எழுதியிருந்தது.

பன்னிரண்டு மணிக்கு அவர் ஒரு தோலைப் பிரித்துக் கட்டைவிரலால் தள்ளிப் பார்த்தார். முடி மொத்தமாக வழிந்து வந்தது.

"போதும் மேடம். கழுவிடலாம்."

"இன்னும் நாலு மணி நேரம் இருக்கு."

"வெயில் ஜாஸ்தி மேடம். வேகமா வேல செய்யுது."

"படிச்சது நானா நீங்களா?" என்று கேட்டுவிட்டேன். இதை எழுதும்போதும் கூசுகிறது. அவர் தோலை மடித்து வைத்துவிட்டு விலகிப் போனார். நான் சோதித்தது மின்விசிறி சுழலும் அறையில். இங்கே தலைக்கு மேல் தகரக் கூரை. அதோடு என் ஒரு பிடி வேறு.

நான்கு மணிக்குப் பிரித்தால், தோலின் மேல்பக்கம் நனைந்த அப்பளம் மாதிரி கையோடு வந்தது. ஒன்றுகூடத் தேறவில்லை. பாய் வந்து ஒவ்வொன்றாகத் தூக்கிப் பார்த்தார். "இன்னா ஆச்சு?" என்றார். நான் வாயைத் திறப்பதற்குள் மேஸ்திரி முந்திக்கொண்டார்.

"மேடம் மத்தியானமே கழுவச் சொன்னாங்க பாய். வேற வேலைல நான் மறந்துட்டேன்."

பாய் அவரையே பார்த்துக்கொண்டு நின்றார். "பதினெட்டு வருஷத்துல ஒரு தோல் நீ கெடுத்ததில்ல," என்றார். பிறகு, "நாளைலேர்ந்து இந்தப் பக்கம் வராத. உப்பு குடோனுக்குப் போய் தோலுக்கு உப்பு தடவு," என்று சொல்லிவிட்டு நடந்தார்.

நான் என் பையை எடுத்துக்கொண்டேன். உண்மையைச் சொன்னால் ஒரு வாரத்தில் செய்தி ராணிப்பேட்டை டேனரிகள் வரைக்கும் போய்விடும், அப்புறம் எந்த டேனரியும் எனக்குக் கதவைத் திறக்காது என்று கணக்குப் போட்டுக்கொண்டு வேலூர் பஸ்ஸில் ஏறினேன். வீட்டுக்காரரிடம், "மேஸ்திரி மறந்துட்டாரு" என்று சொல்லவும் சொன்னேன். சொல்லும்போதே நாக்கு கசந்தது. மறுநாள் காலை முதல் பஸ்ஸில் வாணியம்பாடிக்குத் திரும்பினேன்.

பாய் அலுவலக அறையில் இருந்தார். ஒரு பிடி கூடுதலாகப் போட்டது நான், மத்தியானம் கழுவச் சொன்னது மேஸ்திரிதான், நான்தான் கேட்கவில்லை என்று எல்லாவற்றையும் நின்றுகொண்டே ஒப்பித்தேன். அவர் முகம் சிவந்துவிட்டது. "நீங்க செஞ்சது தப்பு டீச்சர். சரி. அவன் எதுக்கு எங்கிட்ட பொய் சொன்னான்?" என்று மேஸ்திரியை வரச் சொன்னார்.

மேஸ்திரி உடம்பெல்லாம் உப்போடு வந்து நின்றார். நான் சொல்லிவிட்டேன் என்று தெரிந்ததும் அவருக்கு என் மேல்தான் கோபம். "எனக்கு இன்னொரு டேனரி கிடைக்கும் மேடம். உங்க மருந்துக்கு இன்னொரு தடவ கிடைக்குமா? எதுக்கு வந்து சொன்னீங்க?"

"நீ எதுக்குப் பொய் சொன்னன்னுதான் கேக்கறேன்," என்றார் பாய்.

மேஸ்திரி மேசைக்குப் பக்கத்தில் வந்தார். பிறகு இரண்டு கைகளையும் மேசை மேல் விரித்து வைத்தார். விரல் இடுக்கெல்லாம் வெடித்து, நகம் கரைந்து போயிருந்தது.

"சுண்ணாம்புல நின்னுட்டு வீட்டுக்குப் போனா, இதுல குழம்பு பட்டா உயிர் போவும் பாய். கல்யாணம் ஆன நாள்லேர்ந்து கரண்டிலதான் சாப்புட்றேன். நேத்து பூரா இவங்க மருந்துதான தொட்டேன்? எரியவே இல்ல. சோத்த நானே பெசஞ்சி சாப்ட்டேன். சின்னவளுக்கும் ஒரு வாய் ஊட்னேன். இவங்க பேஜாராயி போய்ட்டா மறுபடி யாரு வருவாங்க?"

என்னால் அந்தக் கைகளைப் பார்க்க முடியவில்லை, பார்க்காமலும் இருக்க முடியவில்லை. ஆற்றைக் காப்பாற்றப் போகிறேன் என்று அத்தனை டேனரிகளில் பேசியிருந்தேன். ஒரு இடத்திலும் கைகளைப் பற்றி ஒரு வார்த்தை சொன்னதில்லை. எனக்குத் தோன்றவே இல்லை.

பாய் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "பத்து தோல் எடுத்து வை," என்றார் மேஸ்திரியிடம். "அளவு நீ போடு. நீ சொல்ற நேரத்துலதான் கழுவணும்." பிறகு என்னைப் பார்த்து, "சம்மதமா டீச்சர்?" என்றார்.

சம்மதம் என்று தலையை ஆட்டினேன். பையிலிருந்து என் தாளை எடுத்து, எட்டு மணி நேரம் என்று எழுதியிருந்ததை அடித்துவிட்டு, எவ்வளவு போடலாம் என்று மேஸ்திரியிடம் கேட்டேன்.