முகத்தோடு வந்து சேர்ந்த குரல்

ஒஸ்லோவில் சுரங்க ரயிலில் இருந்தபோது மிதுலா அழைத்தாள். "மாமா, அப்பா விடியப்புறம் போயிட்டார். அந்த ஒலிப்பதிவு உங்களிட்டைத்தானே இருக்கு? வெள்ளிக்கிழமை செத்தவீட்டுக்குக் கொண்டு வாங்கோ."

மிதுலாவின் அப்பா யோகண்ணையை அறிந்த உங்களுக்கு எந்த ஒலிப்பதிவு என்று சொல்ல வேண்டியதில்லை. மற்றவர்களுக்காக எழுதுகிறேன்.

மொஸ்கோவில் பொறியியல் படித்த காலத்தில் அவர் ஒரேயொரு சோவியத் படத்தில் நடித்தார். பனிக்குள் கிடக்கும் ஒரு கிராமத்துக்கு வரும் வெளிநாட்டு மருத்துவர் வேடம். ரஷ்ய மொழியைப் பிழையின்றிப் பேசினார். உச்சரிப்பு மட்டும் யாழ்ப்பாணத்துடையது. அதனால் வேறொருவரைக் கொண்டு குரல் கொடுக்க வைத்தார்கள். "நடிச்சது என்ரை மூஞ்சி, கதைச்சது ஆரோ ஒருத்தன்" என்பார்.

பிறகு நோர்வேக்கு அகதிகளாக வந்து, வடகோடியில் பாட்ஸ்பியோர்ட் என்ற ஊரின் மீன் தொழிற்சாலையில் அவரும் நானும் ஒரே மேசையில் மீன் வெட்டினோம். அந்தப் படம் ரஷ்யத் தொலைக்காட்சியில் குளிர்காலந்தோறும் வருமாம். ஒருநாள் துறைமுகத்தில் ரஷ்ய மாலுமிகள் அவரைக் கண்டு, "டொக்டர்!" என்று கட்டிப்பிடித்தார்கள். அவர் வாய் திறந்ததும் பிடி தளர்ந்தது. குரல் வேறு என்று சிரித்துக்கொண்டு போய்விட்டார்கள். அன்று மாலை அவர் சொன்னார்: "ஒருக்கா எண்டாலும் அந்த டொக்டர் என்ரை குரலிலை கதைக்கோணும்."

ஆண்டுகள் கழித்துத் தொண்டையில் புற்றுநோய் கண்டது. குரல்வளையை அகற்ற நாள் குறித்தார்கள். மகள் மிதுலா எங்கெங்கோ தேடிப் படத்தின் பிரதியை எடுத்தாள். அறுவைக்கு முந்திய ஞாயிறு ஒஸ்லோவில் சிறிய மண்டபம் ஒன்றைப் பிடித்தாள். மருத்துவர் வரும் இடங்களில் படத்தின் ஒலியை நிறுத்திவிடுவது, அப்பா ஒலிவாங்கியில் தமிழில் பேசுவது என்று ஏற்பாடு.

மீன் வேலையை விட்டபின் நான் நிருபராகத் தூக்கித் திரிந்த ஒலிப்பதிவுக் கருவியோடு பக்கத்தில் இருந்தேன். குரல் கரகரத்தது, ஆனால் திரையின் உதடசைவோடு பேச்சுப் பிசகவில்லை. கடைசிக் காட்சியில் மருத்துவர் வெளியே வந்து, பனியில் காத்து நிற்கும் தாயிடம் சொல்கிறார்: "பிள்ளை தப்பிட்டான், அம்மா. உள்ளை வந்து பாருங்கோ."

மண்டபமே எழுந்து நின்று கைதட்டியது. வயதான ரஷ்யப் பெண்மணி ஒருவர் வந்து அவர் கையைப் பிடித்து ஏதோ சொன்னார். "இப்பதான் முகத்துக்குக் குரல் பொருந்துதாம்" என்று எங்களுக்கு மொழிபெயர்த்துவிட்டு யோகண்ணை விழுந்து விழுந்து சிரித்தார்.

அறுவைக்குப் பின் பேச்சில்லை. ஆனால் ஒஸ்லோவுக்கு அருகே லோறென்ஸ்கூக்கில் இருந்த அவர் வீட்டுக்கு யார் போனாலும் கைத்தொலைபேசியில் அந்தப் பதிவைப் போட்டு, தன் குரலுக்குத் தானே வாயசைப்பார். கைதட்டினால் எழுந்து நின்று வணங்குவார்.

மூலப் பதிவு என்னிடம் இருக்கிறது. அவரிடமிருந்து எனக்கு மிஞ்சியதும் அதுதான். எவ்வளவு சத்தமாகப் போடுவது என்று மிதுலாவிடம் கேட்டேன்.

"வாசலிலை நிக்கிற ஆக்களுக்கும் கேக்கோணும், மாமா."