பதினோரு சீட்டுகளைப் பாட வைத்த ரூத்

செவ்வாய்க்கிழமை காலை, எடிசன் ஸ்டேஷனில் ரயில் ஏறிய சற்று நேரத்தில் டேவிட் அழைத்தார். "ரூத் போயிட்டா, சேகர். பிரெயின்ல பிளீடிங்..." மனைவியைப் பற்றி அதற்கு மேல் அவரால் பேச முடியவில்லை.

வெஸ்ட் வின்ட்சரில் எங்கள் பாடகர் குழுவை நடத்திய ரூத்தை உங்களில் பலர் அறிவீர்கள். குடியேற்றத் தடுப்புக் காவலில் இறந்த ஒருவர் மருத்துவரைக் கேட்டு எழுதிய பதினோரு சீட்டுகள் வழக்கு ஒன்றில் வெளிவந்தன. குரல்களுக்கும் வயலின்களுக்குமாக அவற்றுக்கு இசையமைத்தார் ரூத். ஒரு சொல்லையும் மாற்றவில்லை. "நெஞ்சு வலிக்கிறது" என்று பதினோரு முறை வரும். ஒவ்வொன்றின் கீழும் அதிகாரியின் பதில்: "பார்க்கப்பட்டது." ஒத்திகையில் ஒரு பெண் பாட முடியாமல் அழுதாள். ரூத் நிறுத்தினார். "பேப்பர்ல அழுகை இல்லம்மா. இருக்கற மாதிரியே பாடு."

நிகழ்ச்சியை அறிவித்ததும் ரூத்துக்குப் பெயரில்லாத கடிதங்கள் வந்தன. முதலாவதில் அவர் வீட்டின் புகைப்படம். அடுத்ததில் அவர் காரின் எண். போலீஸில் கொடுத்துவிட்டு நகல்களை வைத்துக்கொண்டார். ஆறு பேர் குழுவை விட்டு விலகினார்கள். வயலின் வாசிக்கும் நானோ கிரீன் கார்டுக்குக் காத்திருப்பவன்.

"என் பேரை புரோகிராம்ல போடாதீங்க, ரூத்."

"எடுத்துடறேன். வாசிப்பீங்கல்ல?"

வாசித்தேன். நிகழ்ச்சியின் நடுவில் முன்வரிசையிலிருந்து ஒருவர் எழுந்து, எங்கள் முகங்களை ஒவ்வொன்றாக, நிதானமாகப் படம் எடுத்துவிட்டு வெளியேறினார். ரூத்தின் கை தாளம் தவறவில்லை. முடிந்ததும் இறந்தவரின் அண்ணன் மேடையேறி, அந்தக் கையைப் பிடித்தபடி வெகுநேரம் நின்றார்.

பிறகு ரூத் என்னிடம் சொன்னார்: "அவன் படம் எடுத்தப்ப கால் நடுங்கிச்சு, சேகர். நிறுத்தினா விழுந்துடுவேன்னுதான் கண்டக்ட் பண்ணிட்டே இருந்தேன்."

அடுத்ததாக, தனக்கு வந்த மிரட்டல் கடிதங்களுக்கே இசையமைக்கத் தொடங்கினார். "இதுவும் டாக்குமென்ட்தானே?" நான்கை முடித்திருந்தார். அடக்கம் முடிந்த அன்று டேவிட் அந்தக் கைப்பிரதியை என்னிடம் கொடுத்தார்.

நேற்று எங்கள் வீட்டுக்கு ஒரு உறை வந்தது. உள்ளே எங்கள் வாசலின் புகைப்படம். அதன் கீழே என் முழுப் பெயர், எழுத்துப்பிழை இல்லாமல். என் மனைவி கதவைப் பூட்டிவிட்டு, "கிழிச்சுப் போடுங்க" என்றாள்.

கிழிக்கவில்லை. அதைப் போலீஸில் கொடுத்துவிட்டேன். ரூத் விட்டுப்போன கைப்பிரதியில், நான்காம் கடிதத்துக்கு அடுத்து எனக்கு வந்ததன் நகல் இருக்கிறது.