கேட்கத் தேவையில்லாத பெயர்

போன ஞாயிற்றுக்கிழமை காலைப் பூசை முடிந்ததும் நானும் மெர்சியும் நெல்லித்தோப்பு மார்க்கெட்டுக்குப் போனோம். மெர்சி எங்கள் வீட்டு மாடியில் குடியிருக்கும் பெண். வஞ்சிரம் விலையைக் கேட்டுவிட்டு, கேட்டதே தப்பு என்பதுபோல இரண்டு பேரும் நகர்ந்து, கடைசியில் வழக்கம்போல் சங்கரா மீனிடம் வந்து நின்றோம்.

அப்போது பின்னாலிருந்து ஒரு குரல் – "மேடம்... நீங்கதானே பத்திரிகையில எழுதற மேடம்?"

இந்தக் கேள்வி காதில் விழுந்தால் என் முதுகு தானாக நிமிர்ந்துவிடும். பொய் எதற்கு? வாராவாரம் எழுதுகிறவளுக்கு இதைவிடப் பெரிய சந்தோஷம் என்ன இருக்கிறது? திரும்பிப் பார்த்தேன். ஓர் இளம் தம்பதி. அந்தப் பெண்ணின் தோளில் நான்கைந்து மாதக் குழந்தை. கன்னத்தில் பெரிதாகத் திருஷ்டிப் பொட்டு.

"யாரு தெரியுமா மேடம் இது? கீற்று! நீங்க எழுதின பேரு. படிச்ச அன்னிக்கே முடிவு பண்ணிட்டோம்" என்றார் அந்தத் தம்பி.

"அடடே!" என்றது என் வாய். உடம்பில் மற்ற எதுவும் அதனோடு சேர்ந்துகொள்ளவில்லை. பக்கத்தில் நின்ற மெர்சியைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை.

மெர்சிதான் ஓர் அடி முன்னால் போனாள். "பையனா, பொண்ணா?" என்று கேட்டாள்.

அவர் கலகலவென்று சிரித்துவிட்டார். "என்னாக்கா நீங்க! மேடமே எழுதியிருக்காங்களே... இந்தப் பேரு வெச்ச புள்ளைய ஆணா பொண்ணான்னு யாரும் கேக்கத் தேவையில்லன்னு! சரி, கேட்டுட்டீங்க... பையன்தான்."

மெர்சி அந்தக் குழந்தையின் பாதத்தை இரண்டு விரலால் தொட்டாள். "நல்லா இருக்கட்டும்" என்றாள். அப்புறம் திரும்பி நடந்தாள். அவள் காய்கறிப் பை மீன்கடைப் பலகையிலேயே கிடந்தது.

அந்தப் பெயர் மெர்சியின் குழந்தைக்காக நான் சொன்ன பெயர். அந்தக் குழந்தை இப்போது இல்லை.

பழைய வாசகர்களுக்கு அந்தப் பத்தி நினைவிருக்கும். புதிதாகப் படிக்கிறவர்களுக்காக முதலிலிருந்து சொல்லிவிடுகிறேன். சொல்லாமல் இருந்தால்தான் நல்லது என்று இத்தனை மாதமாக நினைத்துக்கொண்டிருந்தேன்... அந்த நினைப்பும் தப்பு என்று இப்போது தெரிகிறது.

மெர்சிக்குக் கடற்கரைப் பக்கம் ஒரு துணிக்கடையில் தையல் வேலை. அவள் வீட்டுக்காரர் ஜெரோம் நோணாங்குப்பம் படகுத்துறையில் படகு ஓட்டுகிறார். கல்யாணமாகி ஆறு வருஷம் கழித்துத் தங்கிய முதல் கர்ப்பம். ஐந்தாம் மாதத்தில் ஒருநாள் மத்தியானம் மாடிக்குப் போனேன். ஜன்னலைச் சாத்திவிட்டுப் படுத்திருந்தாள். கதவுப் பலகை இடுக்கு வழியாக ஒரு விரல் அகலத்துக்கு வெயில் நுழைந்து அவள் வயிற்றின் குறுக்கே விழுந்திருந்தது.

"இங்க வந்து பாருங்கக்கா. வெளிச்சம் எங்க படுதோ அங்கதான் உதைக்குது" என்று சிரித்தாள். நிஜமா, பிரமையா? யாருக்குத் தெரியும். நானும் கையை வைத்துப் பார்த்துவிட்டு ஆமாம் என்றேன்.

அப்புறம் கேட்டாள். "உள்ள இருக்கறத என்னான்னு கூப்பிடறதுன்னே தெரியலக்கா. பாப்பான்னா பொண்ணுதான்னு இவரு குதிக்கறாரு. தம்பின்னா மாமியாரு பூரிச்சுப் போறாங்க. ரெண்டு பேருக்கும் நடுவுல நான் வாயையே தொறக்கறதில்ல. எனக்கு இப்பவே ஒரு பேரு வேணும். எதுவா பொறந்தாலும் அதையே வெச்சுடணும். பேரில்லாம பேசுனா யாரோட பேசறேன்னே தெரியல."

ஆணுக்கும் பெண்ணுக்கும் பொதுவான பெயர் எங்கள் ஊருக்கு ஒன்றும் புதுசில்லை. என் மாமனார் பெயர் தொமினிக். எதிர்வீட்டு அம்மாள் பெயரும் தொமினிக். தபால்காரர் ஆயுசுக்கும் கடிதங்களை மாற்றித்தான் கொடுத்தார். ஆரோக்கியம், அடைக்கலம், ஞானம், இருதயம் என்று கோயிலில் கூப்பிட்டால் ஒரு வேட்டியும் திரும்பும், ஒரு புடவையும் திரும்பும். அதையெல்லாம் மெர்சியிடம் வரிசையாகச் சொன்னேன். உதட்டைப் பிதுக்கினாள்.

அப்போதுதான் அந்த வெயிலைப் பார்த்துச் சொன்னேன். "கீற்று."

அவள் இரண்டு தடவை சொல்லிப் பார்த்தாள். மூன்றாவது தடவை வயிற்றைப் பார்த்துச் சொன்னாள். முடிந்துவிட்டது.

அவள் மாமியார் மட்டும், "தென்னங்கீத்தா? எதுக்குடி, கூரை மேயவா?" என்று கேட்டார். நாங்கள் மூன்று பேரும் விழுந்து விழுந்து சிரித்தோம். அந்த வீட்டில் அவ்வளவு சிரித்தது அதுதான் கடைசி.

சரி, நான் என்ன செய்தேன்? அந்த வாரமே உட்கார்ந்து எழுதினேன். மெர்சியைக் கேட்டேனா? இல்லை. அவள் பெயரைப் போடவில்லையே, அதனால் பரவாயில்லை என்று நானே தீர்ப்புச் சொல்லிக்கொண்டேன். எழுதுகிறவர்களுக்கு இந்த வியாதி உண்டு. அடுத்த வீட்டு அடுப்பில் நாங்கள் குளிர் காய்வோம்.

எழுதியதை இப்போது எடுத்துப் படித்தால் கூசுகிறது. "கீற்று முழு வெளிச்சம் இல்லை, ஆனால் அது இருக்கிற அறையை இருட்டு என்று யாரும் சொல்ல முடியாது. அதட்டாத பெயர். இடம் கேட்காத பெயர். இடுக்கு கிடைத்தால் போதும், உள்ளே வந்துவிடும். இந்தப் பெயர் கொண்ட பிள்ளையை ஆணா, பெண்ணா என்று யாரும் கேட்கத் தேவையில்லை. பிள்ளை என்றால் போதாதா?"

பெரிய தத்துவம்! கீற்று அரை மணி நேரத்தில் சுவரேறிப் போய்விடும் என்பது மட்டும் அந்தத் தத்துவக்காரிக்குத் தோன்றவில்லை.

மெர்சியின் மாமியார் பத்திரிகையும் கையுமாகக் கீழே வந்தார். "பொறக்கறதுக்கு முன்னாடியே பேர ஊருக்கெல்லாம் சொல்லலாமா? நல்லால்லம்மா இது" என்றார். இந்தக் காலத்தில் இதெல்லாம் பார்ப்பார்களா என்று சொல்லிக் காப்பி கொடுத்து அனுப்பிவிட்டேன்.

கடிதங்கள் வந்தன. மெயில்கள் வந்தன. விழுப்புரத்தில் ஒரு கீற்று, கடலூரில் ஒரு கீற்று, துபாயில் ஒரு கீற்று. போட்டோக்கள் வேறு. நான் மாடிக்கு ஓடி ஓடி மெர்சிக்குக் காட்டினேன். அவளும் பார்த்துப் பார்த்துச் சிரித்தாள். "எல்லாரும் முந்திக்கிட்டாங்க, நம்மது லேட்டு" என்று வயிற்றைத் தட்டிக்கொண்டாள்.

எட்டாம் மாத முடிவில் வலி வந்தது. குழந்தை பிறந்தது. இதயம் சரியாக உருவாகவில்லை என்றார்கள். யார் மேலும் பழி இல்லை. பழி சொல்ல ஓர் ஆள் இருந்தால்கூடக் கொஞ்சம் தேவலையாக இருந்திருக்கும்.

இரண்டாம் நாள் காலையில், இனி தாங்காது என்று தெரிந்ததும், ஆஸ்பத்திரி நர்ஸ் ஒருவரே ஞானஸ்நானம் கொடுத்திருக்கிறார். உயிருக்கு ஆபத்து என்றால் சாமியாருக்காகக் காத்திருக்க வேண்டாம், யார் வேண்டுமானாலும் கொடுக்கலாம் என்பது எங்கள் வழக்கம். "என்ன பேரு?" என்று கேட்டாராம். ஜெரோம் சொல்லியிருக்கிறார். பஞ்சில் நனைத்து மூன்று தடவை நெற்றியில் தண்ணீர். பிறந்த பிறகு அந்தப் பெயரைச் சொல்லி ஒருவர் கூப்பிட்டது அந்த ஒரு தடவைதான்.

மத்தியானம் ஜெரோம் எனக்குப் போன் செய்தார். "அக்கா, கீற்று போயிடுச்சு."

நான் கல்லறைத் தோட்டத்துக்குப் போனபோது பெட்டியை மூடிவிட்டிருந்தார்கள். அதைத் தூக்க நான்கு பேர் தேவைப்படவில்லை. ஜெரோம் ஒருவரே இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு நடந்தார். படகுகளுக்கு நம்பர் எழுதும் பெயின்டர் மரச் சிலுவையில் எழுதிக் கொண்டுவந்திருந்தார். வெள்ளைச் சிலுவையில் நீலப் பெயின்ட், படகில் இருக்கிற அதே எழுத்து. கீற்று. கீழே இரண்டு தேதிகள். "வேற என்னா எழுதணும் ஜெரோம்?" என்று அவர் கேட்க, "போதும்ணே" என்றார் ஜெரோம்.

மெர்சி குருசுக்குப்பத்தில் தன் அம்மா வீட்டுக்குப் போய்விட்டாள். மூன்று மாதம் கழித்துத் திரும்பி வந்தாள். மறுபடி வேலைக்குப் போனாள். மாடிப்படியில் பார்த்தால் சிரித்தாள். நானும் சிரித்தேன். மழையைப் பற்றிப் பேசினோம், தண்ணீர் மோட்டாரைப் பற்றிப் பேசினோம். அதைப் பற்றி மட்டும் பேசவில்லை. கேட்டால் அவளுக்கு வலிக்கும் என்று நினைத்தேன். இல்லை... கேட்டால் எனக்கு வலிக்கும்.

கடிதங்கள் மட்டும் நிற்கவில்லை. நான் பதில் போடவில்லை, கிழித்துப் போடவுமில்லை. அலமாரியில் வைத்துப் பூட்டினேன்.

இப்போது போன ஞாயிற்றுக்கிழமைக்கு வருகிறேன்.

மீனும் வேண்டாம், ஒன்றும் வேண்டாம் என்று அந்தப் பையை எடுத்துக்கொண்டு வீட்டுக்கு ஓடிவந்தேன். மெர்சி மாடிக்குப் போகாமல் எங்கள் வாசல் படியிலேயே உட்கார்ந்திருந்தாள். நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"என்னை மன்னிச்சுடு மெர்சி. உன் புள்ள பேர ஊருக்கெல்லாம் தூக்கிக் குடுத்துட்டேன். அந்தப் பேர இனிமே யாரும் வைக்காதீங்கன்னு எழுதிடறேன்" என்றேன்.

"அய்யய்ய, அதெல்லாம் எழுதாதீங்க. அந்தப் புள்ள என்னா பண்ணுச்சு? நல்லா இருக்கட்டும்" என்றாள். அப்புறம் தானாகவே ஆரம்பித்தாள்.

"கல்லறைத் திருநாளுக்குப் போயிருந்தோம்க்கா. மெழுகுவத்தி ஏத்தலாம்னு போனா, எங்களுக்கு முன்னாடியே யாரோ ஒண்ணு ஏத்தி வெச்சிருக்காங்க. பக்கத்துக் கல்லறைக்கு வந்தவங்க போலருக்கு. கூடவே ஒரு பொம்மைக் காரு. செவப்புக் காரு. சின்னப் புள்ளையாச்சேன்னு பாவப்பட்டு வெச்சிருப்பாங்க. பையன்னு நெனச்சுக்கிட்டாங்க."

எனக்கு அவள் எங்கே வருகிறாள் என்று புரிய ஆரம்பித்தது. எழுந்து உள்ளே போய்விடலாமா என்றிருந்தது. அவ்வளவு கோழை நான்.

"எடுத்துப் போட மனசு வரலக்கா. யாரோ ஆசையா வெச்சது. இவரு அழறாரு, நான் அந்தக் காரையே பாத்துட்டு நிக்கறேன்" என்றாள் மெர்சி. "இன்னிக்கு நான் கேட்டேன் பாருங்க, பையனா பொண்ணான்னு... எங்கிட்ட ஒருத்தர் அத கேக்கலக்கா. இத்தினி மாசத்துல ஒருத்தர் கேக்கல. பேரு என்னான்னு எல்லாருக்கும் தெரியும். துபாய்ல இருக்கறவனுக்குக்கூடத் தெரியும். எம் பொண்ணுன்னு யாருக்கும் தெரியாது."

எம் பொண்ணு.

எனக்கும் அந்த நிமிஷம்தான் தெரியும். ஒரே வீடு, மேலும் கீழும். பெயர் வைத்தவள் நான். கல்லறை வரை போனவள் நான். இத்தனை நாளும் மனதுக்குள் அது பையன் என்றே நினைத்துக்கொண்டிருந்தேன். ஏன் அப்படி நினைத்தேன்? ஆணா பெண்ணா என்று கேட்கத் தேவையில்லை என்று ஊருக்கு உபதேசம் எழுதியவளின் மண்டைக்குள்ளும் பையன்தான் முதலில் வந்து உட்கார்ந்திருக்கிறான்.

எண்பது வயதுப் பெரியவர் போனால் எங்கள் தெருவில் எப்படிக் கேட்போம்! எப்போது போனார், யார் பக்கத்தில் இருந்தார்கள், கடைசியாக என்ன சாப்பிட்டார், காப்பி குடித்தாரா, யாரைத் தேடினார்... சொல்லிச் சொல்லியே அந்த வீட்டுக்காரர்கள் ஆறிவிடுவார்கள். இரண்டு நாள் இருந்த பிள்ளையைப் பற்றி யார் கேட்கிறோம்? கேட்காமல் இருப்பதுதான் நாகரிகம் என்று வாயை மூடிக்கொள்கிறோம். அந்தத் தாய்க்குச் சொல்வதற்கு இருப்பதே நான்கு விஷயம். அதையும் அவள் யாரிடம் சொல்வாள்?

"எப்படி இருந்தா மெர்சி?" என்று கேட்டேன். வெட்கம்கெட்டுப்போய், இத்தனை மாதம் கழித்து.

அவள் என்னைத் திரும்பிப் பார்த்தாள். அப்புறம் சொன்னாள். சொல்லி முடித்ததும் அழுதாள். நான் ஆறுதல் சொல்லவில்லை. என்னிடம் ஆறுதல் எதுவும் இல்லை. இப்போதும் இல்லை. நேற்று மாடியிலிருந்து தையல் மிஷின் சத்தம் கேட்டது, அது நல்ல அறிகுறி என்றெல்லாம் எழுதி உங்களைச் சமாதானப்படுத்த எனக்கு விருப்பமில்லை.

எழுந்து போகும்போது படியில் நின்று மெர்சி சொன்னாள். "பேர எழுதுனீங்க இல்ல... இதையும் எழுதுங்கக்கா."

எழுதுகிறேன்.

கீற்று பெண் குழந்தை. தலை நிறைய முடி. வலது காதோரம் ஒரு மச்சம். அப்பாவின் விரலைப் பிடித்தால் விடமாட்டாள். இரண்டு நாள் இருந்தாள்.

நீங்கள் யாரும் கேட்கவில்லை. நானும் கேட்கவில்லை.