ஏகமனதாக நடந்த கூட்டங்கள்

கூட்டுறவுப் பண்டகசாலையின் கிளார்க்கை எல்லாரும் நோட்டக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். தீர்மான நோட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, குழு உறுப்பினர்களின் வீடு வீடாகப் போய்க் கையெழுத்து வாங்குவதுதான் இருபத்திரண்டு வருஷமாக அவளுடைய முக்கியமான வேலை. மாதம் ஒரு கூட்டம் நடக்க வேண்டும் என்பது விதி. ஒன்றுகூட நடந்ததில்லை! குழுவில் ஐந்து பேர். அதில் இரண்டு பேர் பங்காளிகள், ஒருவர் முகத்தில் ஒருவர் விழிப்பதில்லை. மற்ற இருவருக்கும் தலைவரைக் கண்டாலே ஆகாது. நோட்டைப் புரட்டினால் மட்டும் எல்லாத் தீர்மானமும் ஏகமனதாக நிறைவேறியிருக்கும். அந்த ஒற்றுமையெல்லாம் நோட்டக்காவின் செருப்புத் தேய்ந்து உண்டானது.

ஒரு செவ்வாய்க்கிழமை தலைவர் எழுதிக் கொடுத்ததையும் அப்படித்தான் சுமந்துகொண்டு போனாள். உறுப்பினர் ஒருவருக்குக் குடலிறக்க ஆபரேஷன். விடுவாளா? ஆஸ்பத்திரி வார்டுக்கே போய், மயக்கம் தெளியாத மனுஷனின் விரலிடுக்கில் பேனாவைச் சொருகிக் கையெழுத்து வாங்கிவந்தாள். மறுநாள் காலையில் அவள் மேஜைமேல் ஒரு கடிதம் கிடந்தது. ஒழுங்கீனத்துக்காகக் கிளார்க்கைப் பணிநீக்கம் செய்வதென்று நேற்றைய கூட்டத்தில் ஏகமனதாக முடிவாம். அவள் நாற்காலியில் தலைவரின் மச்சான் உட்கார்ந்து காலாட்டிக்கொண்டிருந்தான்.

வீட்டில் புருஷன் தலையில் அடித்துக்கொண்டார். தையல்காரர், பார்வை மங்கி மெஷினை மூடி வைத்தவர். அவள் சம்பளத்தில்தான் அடுப்பு எரிந்தது. இன்னும் இரண்டே வருஷம் ஓட்டினால் பென்ஷன். இப்போது அதுவும் போச்சு.

"உன் சீட்டைக் கிழிக்க நீயே ஆஸ்பத்திரி வரைக்கும் ஓடினியா? ஒரு வரி படிச்சுப் பாத்திருக்கக் கூடாதா?"

"படிக்கவா சொன்னாங்க? கையெழுத்து வாங்கத்தானே சொன்னாங்க."

நோட்டக்கா வழக்குப் போட்டாள். கோர்ட்டில் சங்கத்து வக்கீல் தொண்டை கிழியப் பேசினார். இது அரசாங்க ஆபீஸ் இல்லை, உறுப்பினர்களின் சங்கம், யாரை வைப்பது யாரை எடுப்பது என்பதில் கோர்ட் தலையிடக் கூடாது என்றார். நீதிபதி பொறுமையாகக் கேட்டார். நீக்கியது சரியா தப்பா என்று தான் பார்க்கப் போவதில்லை, எப்படி நீக்கினார்கள் என்று மட்டும் பார்ப்பதாகச் சொல்லி நோட்டை வாங்கிப் புரட்டினார்.

"ஆபரேஷன் அன்னிக்கு இவர் எப்படிம்மா கூட்டத்துக்கு வந்தார்?"

"எங்கய்யா வந்தார்? நான்தான் வார்டுக்குப் போய் வாங்கிட்டு வந்தேன்."

கோர்ட்டே சிரித்தது. தலைவர் மட்டும் மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தார். பணிநீக்கம் ரத்து. வேண்டுமானால் எட்டு வாரத்துக்குள் நிஜமாகவே கூட்டம் கூட்டி, அவளையும் விசாரித்துப் புதிதாக முடிவெடுக்கலாம் என்று உத்தரவு.

வேலைக்குத் திரும்பிய அன்றே தலைவர் நோட்டை நீட்டினார். "எழுதியாச்சு. வழக்கம்போல ஒரு சுத்து போயிட்டு வா."

இந்தத் தடவை படித்தாள். அதே பணிநீக்கம், தேதி மட்டும் புதிது. என்ன நெஞ்சழுத்தம்!

"ஐயா, கூட்டம் போடச் சொல்லியிருக்காங்க. நாற்காலி நான் போடுறேன்."

வாராவாரம் ஐந்து நாற்காலி போட்டாள். பங்காளிகளில் ஒருவர் வாசல்வரை வந்து, உள்ளே மற்றவர் தலையைக் கண்டதும் திரும்பிப் போனார். மற்ற இருவரும் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. எட்டு வாரம் முடிந்தது. அவர்களுடைய சண்டை புண்ணியத்தில் நோட்டக்கா மீதி இரண்டு வருஷத்தையும் ஓட்டி ஓய்வுபெற்றாள். கடைசி நாள் மாலை ஆபீசில் ஒரு ஆள் இல்லை. சாவியை மேஜையில் வைத்துவிட்டு வீட்டுக்கு வந்தாள்.

மறுநாள் காலை மச்சான் வந்து நின்றான், கக்கத்தில் நோட்டு.

"அக்கா, ஒரே ஒரு கையெழுத்து."

கண்ணாடியை மாட்டிக்கொண்டு வரி விடாமல் படித்தாள். நேற்று நடந்த பிரிவு உபசாரக் கூட்டத்தில் அனைவரும் அவர் சேவையைப் பாராட்டினர். பலத்த கைதட்டலுக்கிடையே சுவர்க் கடிகாரம் பரிசளிக்கப்பட்டது. அவரும் கண்கலங்கி நன்றி கூறினார். கீழே ஐந்து பேரும் கையெழுத்துப் போட்டிருந்தார்கள்.

"கடிகாரம் எங்கே தம்பி?"

"அதான் எழுதியிருக்கே அக்கா."

பேனாவை வாங்கி, 'கூட்டம் நடக்கவில்லை. நான் அழவும் இல்லை' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டாள். அவன் தெருமுனை திரும்பும்வரை பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு கதவைச் சாத்திக்கொண்டு அழுதாள்.